ஒல்லாந்தர் திட்டியில ஒம்பதாம் பங்கு

பகல் பன்னிரண்டரை.

ராவு இல்ல, பகல். றிஸ்மின் சிரிக்கிறான் பாருங்க... பேய்க் கதை எண்டா நடுச்சாமம், நாய் ஊளை, வெள்ளச் சீலை. அதத்தானே எதிர்பாத்துக் குந்தி இருக்கீங்க? கரண்ட் வார வரைக்கும் ஏதாவது சொல்லுங்க எண்டு கெஞ்சினது நீங்கதான். நடுவுல பூந்து கேள்வி கேட்டா நிப்பாட்டிப்போட்டு நான் படுத்துருவன், சொல்லிட்டன். அந்த டோர்ச்சையும் அணைங்க, பெட்டரி போகும்.

பகல் பன்னிரண்டரை. போன வருசம் ஜூலை. கச்சான் காத்து அண்டைக்கு மட்டும் என்னவோ விழுந்துபோச்சு. பாலாவி தாண்டி, கற்பிட்டி ரோட்டுல இருந்து உப்புத் தண்ணிக் களப்புப் பக்கம் இறங்குற மண் பாதை... ரெண்டு மைல். ரெண்டு பக்கமும் உப்புப் பாத்தி. ஒரு மரம் இல்ல, ஒரு காகம் இல்ல. வெயில் கீழ இருந்தும் அடிக்கும், மேல இருந்தும் அடிக்கும். அந்தப் பாதையில சைக்கிள உருட்டிக்கொண்டு ஒருத்தன் போறான்.

பேர் ஜௌபர். நம்மட செய்னுலாப்தீன் நானாட பொண்டாட்டிக்குக் கூடப் பொறந்த தம்பி. நாப்பத்தொரு வயசு. உப்பளத்துல கட்டு வேலைக்காரன். பாத்திக்கும் களப்புக்கும் நடுவுல மண்கட்டு இருக்குல்ல, அது எங்க கசிஞ்சாலும் களி மண்ண வெச்சு அடிச்சு இறுக்குறது அவன்ட தொழில். ஊர்ல மௌத்து எண்டா மையவாடிக்கு முதல் போற ஆளும் அவன்தான். கபுறு தோண்ட அவனுக்கு நிகர் இல்ல. காசு வாங்கமாட்டான்.

அதுக்கு முந்தின மாரியில அவன்ட மூத்த புள்ள அப்ரா மௌத்தாப் போனா. ஏழு வயசு. மதகுக் கிடங்குல விழுந்துட்டா. மழை ஊத்துது, கட்டு உடையப் போகுது எண்டு இவன் அந்தப் பக்கம் மண்ணோட மல்லுக்கட்டிக்கொண்டு நிக்கிறான்... வாப்பாவுக்குச் சோறு கொண்டு வந்த புள்ள இந்தப் பக்கம் போயிட்டா. அந்தக் கபுறையும் இவன்தான் தோண்டினான். வேணாம் எண்டு எல்லாரும் சொன்னோம், கேக்கல்ல.

அழவும் இல்ல. அதுதான் எங்களுக்குப் பயமாப் போச்சு. பொண்டாட்டி ஸும்ரா மூணு மாசம் வாய் விட்டு அழுதா, சுவரோட தலைய மோதினா. இவன் சோத்தத் தின்டான், வேலைக்குப் போனான், வந்து படுத்தான். கறியில உப்பு இல்லாட்டியும் தெரியாது, ரெண்டு தடவ போட்டாலும் தெரியாது. 'உள்ளுக்குள்ள ஒண்டும் இல்ல மச்சான், பாத்தி காஞ்ச மாதிரி இருக்கு' எண்டு என்கிட்டயே ஒரு நாள் சொன்னான்.

ஸும்ராக்கு ஒரே ஒரு ஆசைதான். மிச்சம் இருக்கிற புள்ள றிப்தி, நாலு வயசு. அடுத்த மாரி தொடங்க முந்தி அவனத் தூக்கிக்கொண்டு இந்தத் தண்ணி ஓரத்த விட்டே போயிரணும். கனமூலையில அவட கூடப் பொறந்த காக்காட தோட்டம் இருக்கு. 'போவோமா?' எண்டு கேப்பா. இவன் ஓம் எண்டும் சொல்லமாட்டான், இல்ல எண்டும் சொல்லமாட்டான். செவிடன் காதுல சங்கு ஊதின மாதிரி.

சரி. பன்னிரண்டரைக்கு வாறன்.

அண்டைக்கு முதலாளி அவனக் களி மண் பாத்துவர அனுப்பினார். நல்ல களி ஒல்லாந்தர் திட்டியில இருக்கும். அது என்ன திட்டி எண்டு கேக்கப் போறீங்க, நானே சொல்றன். களப்பு ஓரத்துல ஒரு மேடு. மேட்டுல செங்கல் துண்டு, ஓட்டுத் துண்டு, தூந்துபோன ஒரு கிணறு. மேட்டச் சுத்தி வட்டமா ஒரு பழைய மண்கட்டு, முழங்கால் உசரம். கட்டுல தள்ளித் தள்ளி ஒம்பது கல்லு நட்டிருக்கு. ஆடு கூட அங்க மேயப் போகாது. ஏன் எண்டு ஆட்டத்தான் கேக்கணும்.

ஒம்பதாவது கல்லுக்கிட்ட, கட்டுக்கு நட்ட நடுவுல, மண் வெட்டுற சவல் ஒண்டு நிக்குது.

நேரா. நட்டபடி. புடி மரம் கறுத்து, ஆள் கை பட்டுப் பட்டு வழுவழுப்பா. சுத்திப் பாத்தான்... ஒருத்தரும் இல்ல. கால் தடமும் இல்ல.

இப்ப நம்மட வழக்கம் உங்களுக்குத் தெரியும். கபுறு தோண்டி முடிஞ்சா சவல நட்டபடி விடுவமா? விடமாட்டம். நிக்கிற சவல் இன்னொரு கபுறு கேக்கும் எண்டு பெரியவங்க சொல்லுவாங்க. எங்க கண்டாலும் புடுங்கிப் படுக்க வெச்சுட்டுத்தான் அங்கால போவம். றோட்டு வேலைக்காரன்ட சவல் எண்டாலும் அப்படித்தான். ஜௌபர் சின்னதுல இருந்து அதச் செஞ்சவன். யோசிக்கவே இல்ல. பிஸ்மி சொன்னான்... புடுங்கினான்... படுக்க வெச்சான்.

புடி ஈரமா இருந்திச்சாம். வேர்வ ஈரம்.

அப்பதான் சத்தம் கேட்டிச்சு. தப்... தப்... தப். களி மண்ணச் சவலால அடிச்சு இறுக்குற சத்தம். அவனுக்குத் தெரியாத சத்தமா அது? கட்டோட அந்தப் பக்கத்துல ஒண்டு. கொஞ்சம் தள்ளி இன்னொண்டு. வட்டம் முழுக்க, எட்டு இடத்துல, ஆளுக்கொரு தாளத்துல. ஆள் மட்டும் இல்ல. அதோட ஒரு வாசம்... புளிச்ச பால் வாசம், நனஞ்ச புல்லுப் புகையுற வாசம். அந்த உப்பு மண்ணுல எங்கடா மாடு, எங்கடா புல்லு?

கீழ பாத்தான். ஒம்பதாம் கல்லுக்கு அடியில, வெயில்ல வெடிச்சுக் கெடந்த களி... மெதுவா ஈரமாகுது.

வேற ஆள் எண்டா ஓடியிருப்பான். நானா இருந்தா செருப்பக் கூட எடுத்திருக்கமாட்டன். ஜௌபருக்குப் பயமும் வரல்லயாம். கசியுது, அடைக்கணும். அவ்வளவுதான் தோணிச்சு. அந்தச் சவலையே எடுத்து மண் வெட்டிப் போட்டு அடிச்சு இறுக்கிப்போட்டு, அந்தி சாயத்தான் வீட்டுக்கு வந்தான்.

அடுத்த நாள் சுபஹு தொழுதுட்டுக் கால் அங்கயே போச்சு. அதுக்கு அடுத்த நாளும். முதலாளி ஏசினார். ஊர் ஆக்கள் கேட்டாங்க. ஆருக்கும் சொந்தமில்லாத கட்டுக்கு நீ என்னத்துக்கு மண் போடுற எண்டு. 'கசியுது' எண்டான். புள்ள போன கவலை தலைக்கு ஏறிட்டு எண்டு நினைச்சு நாங்களும் விட்டுட்டம்.

ஒரு நாள் மட்டும் போகல்ல. உப்பு அள்ளுற நாள், முதலாளி புடிச்சு வெச்சுட்டார். அண்டைக்கு லுஹர் தொழுகை நேரம் ஸும்ரா அடுப்படியில நிக்கிறா. அறைக்குள்ள றிப்தி பாயில நித்திரை. ஏதோ ஊறுற சத்தம் கேட்டு எட்டிப் பாக்கிறா... சீமெந்துத் தரை, ஒரு வெடிப்பு இல்ல. பாயச் சுத்தித் தண்ணி. பாய மட்டும் சுத்தி. நாலு விரல் உசரம், சுவர்ப் பக்கம் போகாம நிக்குது. புள்ளய அள்ளிக்கொண்டு வெளிய பாஞ்சா. நாக்குல பட்டது களப்புத் தண்ணி எண்டு அவ குர்ஆன் மேல சத்தியம் பண்ணினா. ஜௌபர் அதக் கேட்டான். அண்டையில இருந்து ஒரு நாளும் தவறவிடல்ல.

இப்படி ஒரு மாசம் தாண்டிச்சு. அப்பதான் கிளைட்டன் வந்தான். கற்பிட்டிக் கோட்டையச் சுத்திக் காட்டுவானே, அந்தப் பொடியன்தான். அண்டைக்கு அவன்ட ஓட்டோவில ஒரு ஒல்லாந்துக் கிழவி. எழுபது வயசு இருக்கும், தொப்பி, கையில பழைய படம் ஒண்டு. திட்டியத் தேடி வந்திருக்கா. கிளைட்டன் அவட கதைய இங்கிலீசுல கேட்டு ஜௌபருக்குத் தமிழ்ல சொன்னான்.

அவ ஒரு சின்னக் கிராமத்து ஆளாம். பேர் சொன்னான், என்ட வாயில நுழையல்ல. அந்த ஊர் எங்க இருக்கு தெரியுமா... கடலுக்குக் கீழ. பகிடி இல்ல. ஊர் நிலம் பள்ளம், கடல் மேல. நடுவுல ஒரு மேடு, மேட்டுல கோயிலும் ஒம்பது வீடும். சுத்தி ஒரு மண்கட்டு, அவ்வளவுதான் காவல். வீட்டுக் கூரையில ஏறி நிண்டாத்தான் கடல் கண்ணுக்கு மட்டமாத் தெரியுமாம். தலைக்கு மேல வெள்ளம் போனா சாண் என்ன முழம் என்ன எண்டு நாம சொல்லுவம். அவங்க அந்தச் சாணையும் முழத்தையும் அளந்து அளந்துதான் உசிரோட இருந்திருக்காங்க. கட்ட ஒம்பது பங்காப் பிரிச்சு, வீட்டுக்கு ஒரு பங்கு. பங்குக்கு ஒரு கல்லு. தன்ட பங்கப் பாக்காதவன்ட வீட்டுக்குள்ளதான் தண்ணி முதல் வரும் எண்டு சொல்லுவாங்களாம்.

ஒருத்தனால ஏலாமப் போச்சு எண்டா? வருத்தம், வறுமை, கை ஓஞ்சு போச்சு. அப்ப ஒரே ஒரு வழிதான். அவன் தன்ட சவலத் தன்ட பங்குல நட்டுட்டு, தூக்க ஏலுமானதத் தூக்கிக்கொண்டு ஊர விட்டுப் போகணும். திரும்பிப் பாக்கப்படாது. அந்தச் சவல ஆர் புடுங்குறானோ, அவனுக்கு வீடும் நிலமும் சொந்தம். கட்டும் அவன்ட தலையில.

ஒல்லாந்தர் கொம்பனி காலத்துல அந்த ஊர் ஆக்கள் ஒம்பது குடும்பம் கப்பல் ஏறி வந்து, இந்தக் களப்பு ஓரத்துல அதே மாதிரி மேடு போட்டு, அதே மாதிரிக் கட்டுக் கட்டி, உப்பு விளைவிச்சாங்களாம். அதுக்குப் பிறகு என்ன ஆனாங்க எண்டு ஒரு கடதாசியிலயும் இல்ல. காய்ச்சலா, வெள்ளமா... செத்தவங்க எண்டும் எழுதல்ல, போனவங்க எண்டும் எழுதல்ல.

சொல்லிக்கொண்டே வந்தவ ஜௌபர்ட கையப் பாத்தா. சவல். கதை நிண்டிச்சு. 'அத எங்க இருந்து எடுத்த எண்டு கேக்கிறா நானா' எண்டான் கிளைட்டன். ஜௌபர் ஒம்பதாம் கல்லக் காட்டினான். கிழவி ரெண்டு கையையும் முதுகுக்குப் பின்னால கட்டிக்கொண்டு, ஒவ்வொரு அடியாப் பின்னுக்குப் போய் ஓட்டோவில ஏறிட்டா. தண்ணி குடிக்கவும் நிக்கல்ல.

அண்டு பின்னேரம் ஜௌபர் வீட்டுக்கு வந்து, ஸும்ரா கேக்காமலே சொன்னான். 'வார வியாழன் லொறி சொல்றன். கனமூலைக்குப் போவம்.'

ஸும்ரா அண்டைக்குத்தான் எட்டு மாசத்துக்குப் பிறகு தலைய வாரினா.

இப்ப கேளுங்க. இந்த இடத்துலதான் எனக்கு அவன்மேல கோவம், இண்டைக்கும் கோவம். அவனுக்கு வழி தெரிஞ்சிட்டு. நட்டுட்டுப் போனா அவன்ட தலை தப்பும். ஆனா நம்மட ஆக்கள் ஆர் கண்டாலும் அந்தச் சவலப் புடுங்குவாங்க எண்டும் அவனுக்குத் தெரியும். அவனே அப்படித்தானே மாட்டினான். ஆடு தேடிப் போற பொடியன் புடுங்கலாம், விறகுக்குப் போற பொம்புள புடுங்கலாம். பிறகு அந்த வீட்டுப் பாயச் சுத்தித் தண்ணி ஏறும். 'தெரிஞ்சுதான் செஞ்சியா?' எண்டு கேட்டன். 'ஓம் மச்சான். எவனாவது எடுப்பான் எண்டு நினைச்சன். ஒண்டும் தோணல்ல' எண்டான். அவனுக்குள்ள அவ்வளவு செத்துப் போயிருந்திச்சு.

வியாழக்கிழமை லொறி வந்து நிண்டிச்சு. அலுமாரி, கட்டில், ரெண்டு கதிரை, கோழிக் கூடு எல்லாம் ஏத்தியாச்சு. றிப்தி முன் சீட்டுல ஏறிக் குந்திட்டான். பத்தரை மணி போல ஜௌபர், இந்தா வாறன் எண்டு சைக்கிள எடுத்துக்கொண்டு போனான். திட்டிக்குப் போய், ஒம்பதாம் பங்குல, இருந்த இடத்துலயே சவல நட்டான். எட்டுப் பக்கமும் தப் தப் எண்டு கேட்டுக்கொண்டிருந்தது... ஒரே நேரத்துல நிண்டிச்சாம். அவன் திரும்பிப் பாக்கல்ல. ரோட்டுச் சுத்தால சைக்கிள மிதிச்சு வீட்டுக்கு வந்தான்.

ஸும்ராவக் காணல்ல.

'ராத்தா உங்களத் தேடித்தான் போனா. இந்த மனுசன் திரும்ப அந்தக் கட்டுலதான் நிப்பார், கையப் புடிச்சு இழுத்துக்கொண்டு வாறன் எண்டு சொல்லிப்போட்டு, பாத்தி வரம்பால நடந்து போனா' எண்டான் லொறிக்காரன்.

பாத்தி வரம்புதான் குறுக்கு வழி. இவன் ரோட்டால வர, அவ வரம்பால போயிட்டா.

ஜௌபர் ஓடினான். சைக்கிள் நினைப்பே வரல்ல, வெறுங்காலோட உப்பு மேல ஓடினான். எட்டு மாசத்துல முதல் தடவையா அவனுக்கு நெஞ்சு இடிச்சிச்சு. யா அல்லாஹ், சவல் அவ கண்ணுல படக்கூடாது, அவ கண்ணுல படக்கூடாது எண்டு வாய் விட்டுக் கத்திக்கொண்டு ஓடினானாம்.

தூரத்துலயே கேட்டிச்சு. தப்... தப்... தப். ஒரு தாளம் மட்டும் புதுசு. பழக்கமில்லாத கை.

ஸும்ரா கட்டுல நிண்டு மண் அடிச்சுக்கொண்டு நிக்கிறா. அபாயா முழங்கால் வரைக்கும் ஈரம். இவனக் கண்டு, சாதாரணமாத்தான் சொன்னா. 'நட்டபடி விட்டுட்டு வந்துட்டீங்க. நாந்தான் எடுத்துப் படுக்க வெச்சன்.'

'லொறி நிக்குது. வா.'

'கசியுதுங்க.'

இவன் அவட கையப் புடிச்சு இழுத்து, கெஞ்சி, தூக்காத குறையாக் கொண்டு போய் லொறியில ஏத்தினான். கனமூலைக்குப் போய் இறங்கினாங்க. விடிஞ்சு பாத்தா அவ இல்ல. பன்னிரண்டு மைல் நடந்து வந்து கட்டுல நிக்கிறா. திரும்பக் கூட்டிக்கொண்டு போனான், திரும்ப வந்தா. மூணு தடவ. அவட காக்கா பள்ளி ஹஸ்ரத்தக் கூட்டி வந்தார், அவரும் ஓதிப் பாத்தார், ஊதிப் பாத்தார். மௌத்தானவங்க திரும்பி வாறதில்ல, இது ஜின்னுட வேலை எண்டார் ஹஸ்ரத். நானும் அதத்தான் நம்புறன். நம்பித்தான் ஆகணும்.

கடைசியா ஒரு வெள்ளிக்கிழமை, ஜும்ஆ முடிஞ்ச கையோட ஜௌபர் தனியா அங்க போனான். அவட காலடியில குந்தினான். எல்லாத்தையும் சொன்னான். சவல் வந்த விதம், கிழவி சொன்னது, தான் தெரிஞ்சே நட்டது எல்லாம். 'என்ட பங்க என்கிட்டத் தா. நீ நட்டுட்டு வெலகி நில்லு, நான் இப்பவே புடுங்குறன். நீ புள்ளய எடுத்துக்கொண்டு போ' எண்டான். அழுதான் மக்காள். மையவாடியில அழாதவன் அந்தச் சேத்துல முகத்த வெச்சு, குரல் உடைஞ்சு அழுதானாம்.

அவ அடிக்கிறத நிப்பாட்டினா. இவன்ட தலையத் தடவினா. பிறகு கேட்டா...

'நாப்பது நாளா இங்கயே நிண்டீங்களே. அப்ரா இவங்களுக்கு மண் சுமந்துகொண்டு நிக்கிறத ஏன் எனக்குச் சொல்லல்ல?'

தான் அப்படி ஒண்டையும் காணவே இல்ல எண்டு ஜௌபர் எங்க எல்லாருக்கும் முன்னால சத்தியம் பண்ணினான். அப்பவும் சுத்திப் பாத்தானாம். களப்பு, வெயில், ஒம்பது கல்லு. வேற ஒண்டும் இல்ல.

ஸும்ரா பக்கத்துல குனிஞ்சா. தலையில போட்ட ஷோல் நுனிய விரல்ல சுத்தி, இடுப்பளவு உசரத்துல, வெறும் காத்துல... ஒரு புள்ளட கன்னத்தத் தொடைக்கிற மாதிரி ரெண்டு தரம் தொடைச்சா.

ஷோல் நுனியில ஈரச் சேறு இருந்திச்சு.